பொத்தானுக்கு முன்னால் ஒரு மனிதர் இருந்தால் போதுமா?

(வாசகர் வட்டக் கூட்டமொன்றில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)

அனைவருக்கும் வணக்கம்.

தானே குறிபார்த்துத் தானே சுடும் ஆயுதங்களைப் பற்றிப் பேசச் சொல்லியிருக்கிறீர்கள். இந்தப் பேச்சை எடுத்தாலே எல்லோரும் இன்னும் இருபது, முப்பது ஆண்டுகள் கழித்து நடக்கப்போவதைப் பற்றிப் பேசத் தொடங்கிவிடுகிறார்கள். நான் 2003-ஆம் ஆண்டுக்குப் போகிறேன்.

அந்த ஆண்டு மார்ச் 23. ஈராக் போர் தொடங்கி மூன்று நாள்தான் ஆகியிருந்தது. பிரிட்டிஷ் விமானப்படையின் டொர்னாடோ விமானம் ஒன்று, போன வேலையை முடித்துவிட்டு குவைத்தில் உள்ள அலி அல் சலேம் தளத்துக்குத் திரும்பிக்கொண்டிருந்தது. வழியில் இருந்தது, வானில் வரும் விமானங்களையும் ஏவுகணைகளையும் சுட்டு வீழ்த்தும் அமெரிக்க ராணுவத்தின் பேட்ரியாட் ஏவுகணைப் பிரிவு. விமானம் உயரம் குறைத்து இறங்கி வருவதை அதன் ரேடார் பார்த்தது. ரேடார்களைத் தேடி வந்து அழிக்கும் ஏவுகணை என்று கணினி அதற்குப் பெயர் வைத்தது. அதாவது, திரைக்கு முன்னால் உட்கார்ந்திருந்தவர்களை நோக்கியே எமன் வருகிறான் என்று சொன்னது. அவர்களுக்கு இருந்த அவகாசம் ஏறக்குறைய ஒரு நிமிடம். சுட்டார்கள். விமானத்தில் இருந்த இரண்டு பேரும் இறந்தார்கள்.

பிறகு பிரிட்டன் விசாரணை நடத்தியது. அதில் வெளிவந்தவற்றைக் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன். நாம் பேச வேண்டிய விஷயம் முழுக்க அதற்குள்தான் இருக்கிறது. எது ரேடார் எதிர்ப்பு ஏவுகணை என்று கண்டுபிடிக்கக் கணினிக்குக் கொடுத்திருந்த அளவுகோல், உலகத்தில் உள்ள எல்லா வகை ஏவுகணைகளையும் மனதில் வைத்து எழுதப்பட்டது. ஈராக்கிடம் என்ன இருந்தது என்பதைப் பார்த்து எழுதியதல்ல. அதனால் வலை மிக அகலமாக இருந்தது. இறங்கி வரும் விமானமும் அதில் சிக்கியது. நம்மவரா எதிரியா என்று அடையாளம் சொல்லும் கருவி விமானத்தில் வேலை செய்யவில்லை. மின் இணைப்பில் ஏற்பட்ட கோளாறாக இருக்கலாம் என்று விசாரணைக் குழு கருதியது. பேட்ரியாட் பிரிவுக்கு வரவேண்டிய தகவல்தொடர்புச் சாதனங்களோ அமெரிக்காவிலிருந்து இன்னும் வந்து சேரவில்லை. பக்கத்துப் பிரிவு வழியாகத்தான் தலைமையிடத்தோடு பேச முடிந்தது. அந்தப் படைவீரர்களுக்கு முறையான பயிற்சி இருந்தது. ஆனால், பொய்யான எச்சரிக்கையை எப்படிக் கண்டுகொள்வது என்பதில் அந்தப் பயிற்சி கவனம் செலுத்தவில்லை.

பத்து நாள் கழித்து, ஏப்ரல் 2 அன்று, இன்னொரு பேட்ரியாட் பிரிவு அமெரிக்கக் கடற்படையின் விமானத்தையே சுட்டு வீழ்த்தியது. அந்த விமானியும் பிழைக்கவில்லை.

டொர்னாடோவைச் சுட்டபோது திரைக்கு முன்னால் மனிதர்கள் இருந்தார்கள். இந்த ஒன்றை மட்டும் மனதில் வைத்துக்கொள்ளுங்கள். இயந்திர ஆயுதங்களைப் பற்றிக் கவலைப்பட்டுக் கேள்வி கேட்டால் எந்த நாட்டு அதிகாரியும் சொல்லும் பதில், "கடைசி முடிவு மனிதர் கையில்தான் இருக்கும்" என்பது. எனக்கு அந்தப் பதில் போதவில்லை. ஒரு நிமிடம்தான் அவகாசம், திரையில் தெரியும் குறியைத் தவிர வேறு எந்தத் தகவலும் இல்லை, இயந்திரத்தை நம்பச் சொல்லியே பழக்கியிருக்கிறார்கள் என்றால், அங்கே உட்கார்ந்திருப்பவர் முடிவெடுக்கவில்லை. இயந்திரம் எடுத்த முடிவுக்குக் கையெழுத்துப் போடுகிறார். "வேண்டாம்" என்று சொல்வதற்கு நேரமும், தகவலும், அதிகாரமும் அவருக்கு இருக்கிறதா? இதைத்தான் நாம் கேட்க வேண்டும்.

இயந்திரங்களுக்காக வாதாடுகிறவர்களிடமும் நியாயம் இருக்கிறது. இயந்திரத்துக்குக் கோபம் வராது, பயம் வராது, பழிவாங்கத் தோன்றாது; பசியும் தூக்கமும் இல்லாததால் தடுமாறாது என்கிறார்கள். போரில் மனிதர்கள் செய்த கொடுமைகளைப் படித்த யாரும் இதைச் சட்டென்று ஒதுக்கிவிட முடியாது. ஆனால் இதற்கு மறுபக்கமும் உண்டு.

1991 வளைகுடாப் போரின்போது, குவைத்தைச் சேர்ந்த ஃபைலகா தீவில் ஈராக்கிய வீரர்கள் பதுங்கியிருந்தார்கள். அமெரிக்காவின் விஸ்கான்சின் போர்க்கப்பலிலிருந்து புறப்பட்ட பயனியர் என்ற சிறிய ட்ரோன் அவர்கள் தலைக்கு மேல் வட்டமிட்டது. அதில் குண்டு எதுவும் கிடையாது, கேமரா மட்டும்தான். ஆனால் அது வந்து போனால் அடுத்து கப்பலின் பெரிய பீரங்கிகள் முழங்கும் என்று அந்த வீரர்களுக்குத் தெரிந்திருந்தது. பதுங்குகுழிகளை விட்டு வெளியே வந்து, வெள்ளைத் துணிகளை ஆட்டி, அந்த ட்ரோனிடமே சரணடைந்தார்கள். கப்பலில் படத்தைப் பார்த்துக்கொண்டிருந்தவர்களுக்கு விஷயம் புரிந்தது. சரணடைந்தவர்கள் உயிர் பிழைத்தார்கள்.

அந்தப் படத்தை ஒரு கணினி நிரல் மட்டும் பார்த்திருந்தால்? மனித உருவம், சீருடை, நேற்று வரை சுட்டுக்கொண்டிருந்த இடம் எல்லாம் பொருந்துகிறது. வெள்ளைத் துணியையும் கற்றுக்கொடுக்கலாமே என்பீர்கள். சரி, துணி கிடைக்காதவன் என்ன செய்வான்? அடிபட்டுக் கையைத் தூக்க முடியாமல் கிடப்பவன்? சரணடைந்தவரையும் காயம்பட்டுப் போரிட முடியாதவரையும் தாக்கக் கூடாது என்பது போர்ச் சட்டத்தின் அடிப்படை. ஒருவர் அந்த நிலையில் இருக்கிறார் என்பதை அவருடைய முகத்திலும் நடையிலும் சூழலிலும் படித்தறிய வேண்டியிருக்கிறது. அந்த வேலையை இயந்திரத்திடம் விடுவதை என்னால் ஏற்க முடியவில்லை.

இந்த ஆயுதங்கள் எப்படி உள்ளே வருகின்றன என்பதை உக்ரைன் காட்டுகிறது. யாரோ மண்டபத்தில் கூடி, கொல்லும் அதிகாரத்தை இயந்திரத்துக்குக் கொடுப்போம் என்று தீர்மானம் போடவில்லை. கண்ணாடியை மாட்டிக்கொண்டு கேமரா வழியாகப் பார்த்து ஓட்டும் சின்ன ட்ரோன்கள் அங்கே இரண்டு பக்கமும் பறக்கின்றன. ரேடியோ அலைகளைக் குழப்பும் ஜாமரை எதிரி போட்டால் ட்ரோனோடு இருக்கும் தொடர்பு அறுந்துவிடும். அதுவும் இலக்கை நெருங்கும் கடைசி சில நூறு மீட்டரில்தான் பெரும்பாலும் அறுகிறது. இதற்கு இரண்டு வழி கண்டுபிடித்தார்கள். ரேடியோவே தேவைப்படாதபடி, ட்ரோனின் பின்னால் கிலோமீட்டர் கணக்கில் கண்ணாடி இழையைச் சுருளாகக் கட்டி, அவிழ்த்துக்கொண்டே பறக்கவிட்டு, அதன் வழியாகவே ஓட்டுவது ஒன்று. போர்முனை வயல்களிலும் மரங்களிலும் அந்த இழைகள் சிலந்தி வலைபோலப் பின்னிக் கிடக்கின்றன. இன்னொரு வழி, ட்ரோனில் ஒரு சிப்பைப் பொருத்தி, ஓட்டுபவர் இலக்கைக் காட்டியதும் மீதி தூரத்தை அதுவே போய் முடிக்கச் செய்வது. இன்று இலக்கைக் காட்டுவது மனிதர். கடைசிச் சில நூறு மீட்டருக்கு மட்டும் இயந்திரம். ஜாமர்கள் வலுக்க வலுக்க அந்தத் தூரம் கூடிக்கொண்டே போகும். அப்புறம் இலக்கைத் தேடுவதையும் அதனிடமே விட வேண்டிய கட்டாயம் வரும். நாடு அழியாமல் காக்கப் போராடுகிறவர்களிடம் போய் இதைச் செய்யாதே என்று சொல்ல எனக்கு வாய் வராது. இரண்டு பக்கத்தையும் கட்டுப்படுத்தும் சட்டம் இருந்தால்தான் இது நிற்கும்.

அந்தச் சட்டம் எங்கே நிற்கிறது? ஜெனிவாவில், ஐ.நா.வின் ஆயுத உடன்படிக்கை ஒன்றின் கீழ், உலக நாடுகள் இதைப் பற்றி 2014 முதல் பேசிக்கொண்டிருக்கின்றன. 2017, 2018-இல் இதற்கான அரசு வல்லுநர் குழுவுக்குத் தலைமை வகித்தவர் இந்தியத் தூதர் அமன்தீப் சிங் கில். நாம் பெருமைப்படலாம். ஆனால் அங்கே எல்லோரும் ஒத்துக்கொண்டால்தான் எதுவும் நிறைவேறும். ஒரு நாடு தலையாட்ட மறுத்தாலும் கதை முடிந்தது. அதனால் விஷயம் ஐ.நா. பொதுச்சபைக்குப் போனது. இந்த ஆயுதங்களைப் பற்றி 2023 டிசம்பரில் அங்கே வந்த தீர்மானத்துக்கு 152 நாடுகள் ஆதரவு. எதிர்த்தவை நான்கே: ரஷ்யா, பெலாரஸ், மாலி, இந்தியா. அடுத்த ஆண்டுத் தீர்மானத்துக்கு 166 நாடுகள் ஆதரவளித்தபோது இந்தியா வாக்களிக்காமல் ஒதுங்கிக்கொண்டது. ஜெனிவாதான் இதற்கு உரிய இடம், கட்டாயச் சட்டம் போடும் காலம் இன்னும் வரவில்லை என்பது டெல்லியின் வாதம். இரண்டு பெரிய எல்லைகளைக் காக்கும் நாட்டின் தயக்கம் எனக்குப் புரிகிறது. ஆனால் எதிரி நாட்டின் இயந்திரம் நம் வீரரைத் தேடி வரும்போது அவருக்குப் பாதுகாப்பாக இருக்கப்போவதும் இதே சட்டம்தானே?

பன்னாட்டுச் செஞ்சிலுவைக் குழு 2021-இல் ஒரு வழி சொன்னது. என்ன செய்யும் என்று முன்கூட்டிக் கணிக்க முடியாத ஆயுதங்களையும், மனிதர்களையே இலக்காக்கும் ஆயுதங்களையும் முழுவதுமாகத் தடை செய்யுங்கள். மற்றவற்றுக்கு எதைத் தாக்கலாம், எந்த இடத்தில், எவ்வளவு நேரம் என்று வரம்பு கட்டுங்கள் என்றது. வந்துகொண்டிருக்கும் ஏவுகணையை வானிலேயே தடுக்கும் அமைப்பை இது தடை செய்யவில்லை. நாட்டின் பாதுகாப்பைக் கைவிடச் சொல்லவும் இல்லை. இந்த வழியை இந்தியா ஏன் ஏற்கவில்லை என்று உங்கள் தொகுதி நாடாளுமன்ற உறுப்பினரிடம் எழுத்தில் கேளுங்கள். இதை அவையில் கேள்வியாக எழுப்ப அவருக்கு உரிமை இருக்கிறது. கேள்வி ஏற்கப்பட்டால் அமைச்சர் பதில் சொல்லியாக வேண்டும்.

வணக்கம்.