தூங்கும் தீவுகள்

நேயர்களுக்கு வணக்கம்.

எங்கள் தெருவில் ஒரு பையன், 11-ஆம் வகுப்பு படிக்கிறான். மாயக்கதை ஒன்று எழுதிக்கொண்டிருக்கிறான். கதை முழுக்க வானத்தில் மிதக்கும் தீவுகள். மேலே கொஞ்சம் மண், வயல், வீடுகள். அடியில் எல்லாமே வாயு. நான் இயற்பியல் வாத்தியாராக இருந்து ஓய்வு பெற்றவன் என்பதால் நோட்டோடு வந்துவிட்டான். "சார், இது மிதக்குமா?"

கதைதானே, மிதந்துவிட்டுப் போகட்டும் என்று விட்டிருக்கலாம். பழக்கதோஷம், பேப்பரை எடுத்துக் கணக்குப் போட உட்கார்ந்துவிட்டேன்.

நம்மைச் சுற்றியுள்ள காற்று ஒரு கன மீட்டருக்குச் சுமார் 1.2 கிலோ எடை. அந்த இடத்தில் ஹைட்ரஜனை நிரப்பினால் ஏறக்குறைய 1 கிலோவைத் தூக்கும். அவ்வளவுதான். உள்ளே ஒன்றுமே இல்லாமல் வெற்றிடமாக வைத்தாலும் 1.2 கிலோவுக்கு மேல் ஒரு கிராம்கூடத் தூக்க முடியாது.

இப்போது ஒரு ஏக்கர் நிலத்தை எடுத்துக்கொள்வோம். கத்தரியும் வெண்டையும் போட ஒன்றரை அடி மண் போதும். ஈரத்தோடு சேர்த்தால் அந்த மண் மட்டும் சுமார் 3,000 டன். அதைத் தூக்க 30 லட்சம் கன மீட்டர் வாயு வேண்டும். 1937-இல் எரிந்துபோன ஹிண்டன்பர்க் ஆகாயக் கப்பல் 245 மீட்டர் நீளம். அதில் இருந்தது சுமார் 2 லட்சம் கன மீட்டர் ஹைட்ரஜன். அப்படி 15 கப்பல் சேர்ந்தால் ஒரு ஏக்கர் கத்தரித் தோட்டம். தோட்டத்துக்கு நேர் கீழே அத்தனை வாயுவையும் அடைத்தால் முக்கால் கிலோமீட்டர் உயரத்துக்குத் தொங்கும். பையன் வரைந்திருந்த படத்தில் தீவு தட்டையாகத் தோசை மாதிரி இருந்தது. அதை மாற்றி, பனங்கிழங்கு மாதிரி கீழே நீட்டச் சொன்னேன். முகம் வாடிவிட்டது.

பெயர் வைக்கும் விஷயத்தில் அவனுக்கு நான் உதவினேன். பழைய தமிழில் தூங்குதல் என்றால் தொங்குதல், அசைதல். வானத்தில் தொங்கிய கோட்டையைச் சங்கப் பாடல்கள் தூங்கெயில் என்கின்றன. அதை ஒரு சோழன் அழித்தானாம். அதனால் இவன் தீவுக்குத் தூங்குநிலம் என்று பெயர். உடனே பிடித்துக்கொண்டான்.

சரி, மிதந்தாயிற்று. எத்தனை நாளைக்கு? ஹைட்ரஜன் மூலக்கூறு மிகச் சிறியது, எந்த உறையிலும் கசியும். அந்தக் கால ஆகாயக் கப்பல்களில் மாட்டுக் குடலின் மெல்லிய தோலை ஒட்டி ஒட்டி வாயுப் பை செய்தார்கள். அப்படியும் கசிந்தது. ஆக, ஒருமுறை நிரப்பி மூடிவைத்த தீவு என்றைக்கானாலும் இறங்கத்தான் செய்யும். இறங்காமல் இருக்க வேண்டுமென்றால் அது தனக்கு வேண்டிய வாயுவைத் தானே செய்துகொள்ள வேண்டும்.

இதைச் சொல்லும்போது எனக்கு எங்கள் தாத்தா வீட்டுச் சாண எரிவாயுக் கலன் ஞாபகம் வந்தது. சாணக் கரைசலின் மேல் கவிழ்த்துவைத்த பெரிய இரும்பு டிரம். ராத்திரி முழுக்க வாயு சேர்ந்து, காலையில் டிரம் ஆள் உயரம் எழும்பி நிற்கும். சமையல் முடிந்தால் இறங்கிவிடும். பாட்டி டிரம்மைப் பார்த்துவிட்டுத்தான் இன்னொரு ஈடு இட்லி ஊற்றலாமா என்று முடிவு செய்வார். டிரம்மைத் தூக்குவது வாயுவின் அழுத்தம், காற்றில் மிதப்பது வேறு சங்கதி. ஆனாலும் வரவு செலவு ஒன்றுதான்.

உயிருள்ள சேறு நிலத்தைத் தூக்குவது நடக்காத காரியமில்லை. இங்கிலாந்தில் டெர்வென்ட்வாட்டர் என்ற ஏரி. சில வருடங்களில் கோடை முடியும்போது அதன் அடியில் மட்கிய தாவரப் படலம், சதுப்பு வாயு சேர்ந்து உப்பி, தீவாக மேலே வரும், பிறகு அமிழ்ந்துவிடும். நம் மணிப்பூரில் லோக்தாக் ஏரியின் ஃபும்டிகள் இன்னும் பெரியவை. வேரும் மட்கும் மண்ணும் பின்னிய மிதக்கும் நிலம். அதன் மேல் மீனவர்கள் குடிசை போட்டிருக்கிறார்கள், சங்காய் மான் மேய்கிறது. முன்பு வறட்சியில் ஃபும்டி தரை தட்டும். வேர்கள் ஏரியின் அடியிலுள்ள மண்ணில் சத்தை உறிஞ்சிக்கொள்ளும், மழைக்காலத்தில் மறுபடி எழும்பும். 1983-இல் இத்தாய் தடுப்பணை வந்தபின் ஏரியில் தண்ணீர் உயர்ந்தே நிற்கிறது. ஃபும்டி தரையைத் தொட முடியாமல் மெலிந்துகொண்டு வருகிறது. மேய்ச்சலுக்குத் தரை தட்ட வேண்டிய நிலம்! இதைக் கேட்டதும் பையன் நோட்டில் எழுத ஆரம்பித்தான். தூங்குநிலம் வருஷத்துக்கு ஒருமுறை இறங்கிக் காட்டில் மேய்ந்துவிட்டுப் போகுமாம்.

ஒரு சிக்கல் உண்டு. மட்கும்போது வரும் மீத்தேன் ஹைட்ரஜனில் பாதிதான் தூக்கும். கூடவே வரும் கரியமில வாயு காற்றைவிடக் கனம். அதனால் பூமியைவிட வெள்ளிக் கிரகம் வசதி. அங்கே வளிமண்டலமே கரியமில வாயு. நாம் மூச்சுவிடும் சாதாரணக் காற்றைப் பையில் அடைத்தாலே அங்கே மிதக்கும். தரையில் 460 டிகிரி வெப்பம், ஆனால் 50, 55 கிலோமீட்டர் உயரத்தில் அழுத்தமும் வெப்பமும் ஓரளவு நம் ஊர் மாதிரிதான். 1985 ஜூனில் சோவியத் யூனியனின் வேகா விண்கலங்கள் இரண்டு பலூன்களை அங்கே விட்டன. ஹீலியம் நிரப்பிய அந்தப் பலூன்கள் சுமார் 54 கிலோமீட்டர் உயரத்தில், ஏறக்குறைய இரண்டு நாள் தகவல் அனுப்பின. கந்தக அமில மேகம் அங்கே இருக்கிறது என்பதையும் பையனிடம் மறைக்காமல் சொன்னேன்.

அப்புறம் மழை. ஒரு ஏக்கரில் 1 சென்டிமீட்டர் மழை தேங்கினால் 40 டன் கூடும். குடிதண்ணீரும் அதுதான், ஆபத்தும் அதுதான். தூங்குநிலத்தில் மழை வந்தால் பறை அடித்து ஆளாளுக்கு மதகு திறப்பார்களாம். ஈரத்துணி காயப்போடத் தனி வரி. திருவிழாவில் கூட்டம் முழுக்க ஒரே ஓரத்துக்குப் போகக் கூடாது, தீவு சாய்ந்துவிடும். இதெல்லாம் அவன் யோசித்தது.

போன வாரம் கல்யாண அத்தியாயம் எழுதிக் கொண்டுவந்தான். பெண்ணை வேறு தீவுக்குக் கட்டிக்கொடுத்தால், மாப்பிள்ளை ஊர்க்காரர்கள் அவள் எடைக்கு எடை கல்லைப் பெண் ஊருக்கு அனுப்ப வேண்டும். இல்லாவிட்டால் ஒரு தீவு ஏறும், இன்னொன்று இறங்கும். "3,000 டன்னில் ஒரு பெண்ணின் எடை 50 கிலோ கணக்கிலேயே வராதேடா" என்றேன்.

"சார், பீரோ, கட்டில், பாத்திரமெல்லாம் கூடப் போகுமே" என்றான்.