காதலைச் சொன்னதும் கதை முடிந்துவிடுமா? யூரி தொகுப்புகளில் இருக்கும் பெரிய ஓட்டை!

வணக்கம் மக்களே! யூரி என்றால் பெண்ணுக்கும் பெண்ணுக்கும் இடையிலான காதலைச் சொல்லும் ஜப்பானியக் கதைகள், மாங்கா என்றால் ஜப்பானிய காமிக்ஸ். இருபது பக்கம் தருகிறார்கள் என்று வைத்துக்கொள்ளுங்கள். அதற்குள் இரண்டு பெண்கள் சந்திக்க வேண்டும், தவிக்க வேண்டும், ஒருத்தி காதலைச் சொல்ல வேண்டும், இன்னொருத்தி முகம் சிவக்க வேண்டும். முடிந்தது, அடுத்த கதை! ஆளுக்கொரு கதை வரைந்து சேர்த்த யூரி மாங்கா தொகுப்பை எடுத்தால் பாதிக்கு மேல் இப்படித்தான் ஓடும். இதிலிருந்து தப்பித்த தொகுப்புகளும் உண்டு, சொல்கிறேன். அதற்குள் சப்ஸ்கிரைப் செய்துவிடுங்கள்.

வரலாற்றைச் சட்டென்று முடித்துவிடலாம். ஜப்பானிய எழுத்தாளர் யோஷியா நொபுகோ 1916-இல் தொடங்கிய ‘ஹனா மொனோகதாரி’ போன்ற மாணவியர் கதைகள்தான் யூரிக்கு வேர். பெண்களுக்குள் என்ன பிரியம் இருந்தாலும் படிப்பு முடிந்ததும் கல்யாணம் செய்துகொண்டு போய்விட வேண்டும், இது அந்தக் காலத்து எழுதாத விதி. இதை மறந்துவிடாதீர்கள்.

இப்போது எனக்குப் பிடித்த இடம். 2003 வாக்கில் அமெரிக்காவில் எரிகா ஃப்ரீட்மன் என்ற யூரி ரசிகை, ஏஎல்சி பப்ளிஷிங் என்று தானே ஒரு பதிப்பகம் நடத்துகிறார். அவருடைய ‘யூரி மொனோகதாரி’ தொகுப்பில் ஜப்பானியர், அமெரிக்கர், ஐரோப்பியர் எல்லாரும் ஒரே பந்தியில்! அதே பதிப்பகம் தகாஷிமா ரிகாவின் மாங்கா ஒன்றையும் ஆங்கிலத்தில் போட்டது. டோக்கியோவுக்கு வரும் ரிகா என்ற பெண் (ஆசிரியர் பெயரேதான்!) தன்பால் ஈர்ப்பாளர்கள் கூடும் ஷின்ஜுகு நிச்சோமே பக்கம் போகிறாள், காதலில் விழுகிறாள். வாள் இல்லை, மந்திரம் இல்லை, படமும் குழந்தை வரைந்தது போல எளிமை. 2006-இல் அது பிராண்டைஸ் பல்கலைக்கழகத்தில் மானுடவியல் வகுப்புக்குப் பாடம்! “ரிகா ஏன் வெட்கப்பட்டாள்? ஐந்து மதிப்பெண்” என்று கேட்டிருந்தால் நான் கூடுதல் தாள் வாங்கியிருப்பேன்.

சரி, பெரிய பதிப்பகங்கள்? கடோகவா 2016-இல் வெளியிட்ட ‘எக்லேர்’ தொகுப்பை அமெரிக்கப் பதிப்பகமான யென் பிரஸ் 2018-இல் ஆங்கிலத்தில் கொண்டுவந்தது. அடுத்தடுத்து ப்ளான்ஷ், ப்ளூ, ரூஜ், ஓராஞ்ஜ். ஜப்பானியக் கதைக்கு பிரெஞ்சுப் பெயர், ஆங்கில மொழிபெயர்ப்பு, அதைத் தமிழில் விளக்க நான். உலகம் சுற்றும் வாலிபன் தோற்றான்!

அப்புறம் வந்தவைதான் என் கட்சி: யென் பிரஸ்ஸின் ‘வென்எவர் அவர் ஐஸ் மீட்’, செவன் சீஸ் வெளியிட்ட ‘சிரப்’. நாயகிகள் எல்லாம் வேலைக்குப் போகும் பெண்கள். பள்ளிக்கூடக் காதலுக்குக் கடைசி நாள் என்று ஒன்று இருக்கும், நொபுகோ காலத்து விதியின் எச்சம் அது. சம்பளம் வாங்குகிறவளுக்கு ஏது கடைசி நாள்? நாளைக்கும் ஆபீஸ் போக வேண்டும், அவள் முகத்தைப் பார்க்க வேண்டும். அதனால் பக்கம் குறைவாக இருந்தாலும் கதைக்கு அவசரமில்லை. பள்ளிச் சீருடை ரசிகர்கள் என்னைத் திட்டலாம், கமெண்ட் திறந்துதான் இருக்கிறது.

முதலில் எதை வாங்குவது? ‘ப்ளூம் இன்டு யூ’ என்ற யூரி மாங்கா பிடித்தவர்கள் முதல் ‘எக்லேர்’ எடுங்கள், அதை வரைந்த நகதானி நியோ இந்தத் தொகுப்பிலும் இருக்கிறார். மற்றவர்கள் கண்ணை மூடிக்கொண்டு ‘சிரப்’. வலமிருந்து இடமாகப் புரட்டுங்கள். பழக்கதோஷத்தில் க்ளைமாக்ஸை முதலில் படித்துத் தொலைத்தவர்கள் கமெண்டில் கை தூக்குங்கள்!