பல்லில் கிளிப், கையில் மைக்

நண்பர்களே, பங்க் இசை, அதாவது எழுபதுகளில் கிளம்பிய கலகக்கார ராக் இசை, என்றதும் கிழிந்த சட்டை, சேஃப்டி பின், கெட்ட வார்த்தை, இவைதான் பலருக்கு ஞாபகம் வரும். அந்த இசையில் பேர்பெற்ற செக்ஸ் பிஸ்டல்ஸ் குழுவைப் பற்றி உலகமே பேசித் தீர்த்துவிட்டது. நான் பேச வந்தது அவர்களுடைய கச்சேரியைக் கேட்கப் போன ஒரு பெண்ணைப் பற்றி.

1976 ஜூலை 3. இங்கிலாந்தின் ஹேஸ்டிங்ஸ் ஊரில், கடலுக்குள் நீளும் பாலத்து அரங்கில் பிஸ்டல்ஸ் வாசிக்கிறார்கள். பெரிய கூட்டமில்லை. அன்றுதான் 19 வயது நிறைந்த மரியன் எலியட் அங்கே நிற்கிறார். அப்பா சோமாலியர், அம்மா வெள்ளைக்காரர். வளர்ந்தது லண்டன் பிரிக்ஸ்டனில். இவர்களால் முடிந்தால் நம்மாலும் முடியும் என்று தோன்றியிருக்க வேண்டும். பத்திரிகையில் விளம்பரம் கொடுத்து ஆள் சேர்த்தார். எக்ஸ்-ரே ஸ்பெக்ஸ் குழு பிறந்தது. தனக்கு பாலி ஸ்டைரீன் என்று பேர் வைத்துக்கொண்டார். நம் ஊர் தெர்மோகோல்தான்! பாப் நட்சத்திரமும் பயன்படுத்தித் தூக்கிப்போடும் சரக்கு என்று கிண்டல்.

1977இல் முதல் இசைத்தட்டு. பெண் பிள்ளைகள் கண்ணுக்குத் தெரிந்தால் போதும், வாய் திறக்கக் கூடாது என்பார்கள் சிலர் என்று மெல்லிய, குழைவான குரலில் ஆரம்பிக்கிறார். அடுத்த நொடி ஒரு கத்தல். அதன் பின்னாலேயே சாக்ஸபோன். மேடையில் கண்ணைப் பறிக்கும் நிறத்தில் உடை, பல்லில் கிளிப். இன்று கல்லூரிப் பெண்கள் கிளிப் போட்டுக்கொண்டு செல்ஃபி எடுக்கிறார்கள், சரி. அன்று ஒரு பாடகி அதை மறைக்காமல் வாய் நிறையத் திறந்து பாடியதே புதுசு.

அடுத்த ஆண்டு ஆல்பம் வந்தது. பங்க் என்றால் அரசாங்கத்தைத் திட்டுவது என்று நினைக்கிறோம். இவர் பாடியதோ பிளாஸ்டிக், விளம்பரம், கிருமிநாசினி, மரபணுப் பொறியியல். எனக்கு இவருடைய கோபம்தான் மற்றவர்களுடையதைவிடப் பழசாகாமல் இருக்கிறது. 1978 ஏப்ரல் 30இல் லண்டன் விக்டோரியா பூங்காவில் இனவெறிக்கு எதிரான பெரும் கச்சேரி நடந்தபோது, தலையை மழித்துக்கொண்டு வந்து பாடினார். என்னைக் கவர்ச்சிப் பொம்மையாக்கினால் மொட்டை அடித்துக்கொள்வேன் என்று முன்பே சொன்னவர்தான்.

1979இல் குழு கலைந்தது. அவருக்கு மனநலம் குன்றியபோது மருத்துவர்கள் முதலில் நோயையே தவறாகக் கணித்தார்கள். மனநிலை உச்சத்துக்கும் பாதாளத்துக்கும் மாறி மாறிப் போகும் இருமுனைக் கோளாறு என்று தெரியவே பல ஆண்டுகள் ஆயின. இதற்கிடையே ஹரே கிருஷ்ணா இயக்கத்தில் சேர்ந்தார். 2011இல், கடைசி ஆல்பம் வந்த சில வாரங்களில், புற்றுநோயால் 53 வயதில் காலமானார்.

இப்போது அந்த முதல் பாட்டைப் போடச் சொல்லியிருக்கிறேன். சாக்ஸபோனைக் கொஞ்சம் கவனித்துக் கேளுங்கள். வாசிப்பது லோரா லாஜிக், பதின்வயதுப் பெண்.