கப்பல் வந்துவிட்டது, காகிதம் வரவில்லை

(இந்தியப் பெருங்கடல் நாடுகளின் வணிகம் குறித்துச் சிங்கப்பூரில் வணிகர்கள் கூடிய அவையில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)

அவைத் தலைவர் அவர்களே, வெளியூர்ப் பயணத்தை ஒரு நாள் தள்ளிவைத்து வந்து முன்வரிசையில் அமர்ந்திருக்கும் சிறப்பு விருந்தினர் அவர்களே, தேக்காவிலும் சிராங்கூன் சாலையிலும் தலைமுறை தலைமுறையாகக் கடை நடத்திவரும் பெரியவர்களே, கல்லாவைப் பிள்ளைகளிடம் ஒப்படைத்துவிட்டு வந்திருக்கும் தாய்மார்களே, தமிழாசிரியப் பெருமக்களே, உங்கள் அனைவருக்கும் என் பணிவான வணக்கம். மண்டபத்தையும் கொடுத்து, மாலைச் சிற்றுண்டியையும் ஏற்பாடு செய்த சமூக மன்ற நிர்வாகக் குழுவினருக்குத் தனியே நன்றி கூறாமல் பேச்சைத் தொடங்குவது முறையாகாது. வரவேற்புரையில் என்னைப் பற்றிச் சொல்லப்பட்ட நல்ல வார்த்தைகளுக்கும் நன்றி.

இந்தியப் பெருங்கடலைச் சுற்றியுள்ள நாடுகளின் பொருளாதார வளர்ச்சியும் வணிகமும் என்பது எனக்குத் தரப்பட்டுள்ள தலைப்பு. நம் முன்னோரின் கடல் வணிகம், இன்றைய நாடுகளின் கூட்டமைப்பு, துறைமுகங்கள், மீன்வளம் ஆகிய நான்கையும் தொட்டுப் பேச எண்ணியிருக்கிறேன். நான்குக்கும் பொதுவாக, எந்த மேடையிலும் நான் விடாமல் சொல்லும் பழமொழி ஒன்று உண்டு: ஊர் கூடித் தேர் இழுக்க வேண்டும்.

சுமத்ராவின் மேற்குக் கரையில் பாரூஸ் என்னும் ஊருக்கு அருகே லோபு துவா என்ற இடத்தில் 1088ஆம் ஆண்டைச் சேர்ந்த தமிழ்க் கல்வெட்டு ஒன்று கிடைத்தது. திசையாயிரத்து ஐந்நூற்றுவர் என்ற வணிகக் குழுவினர் அதைப் பொறித்தார்கள். அதில் மன்னர் புகழ் பாடப்படவில்லை. போர் வெற்றி பேசப்படவில்லை. கப்பலில் வருவோர் கஸ்தூரியின் விலையை அளவாகக் கொண்டு பொன்னில் கட்டணம் செலுத்தவேண்டும் என்ற ஏற்பாடு அதில் இருக்கிறது. பல துறைமுகங்களிலிருந்து வந்து போகும் வணிகர் அனைவருக்கும் பொதுவான ஒரு விதியை, யாரும் பின்னால் மறுக்க முடியாதபடி கல்லில் எழுதி நட்டார்கள். காற்றின் போக்கை அறிந்து பாய்மரம் விரித்ததைப் பற்றி நாம் நிறையப் பெருமை பேசுகிறோம். விதியை எழுதி வைத்தார்கள் என்பதையும் அதே அளவுக்குப் பேசவேண்டும் என்பது என் கருத்து. பிற்காலத்தில் இங்கே மார்க்கெட் ஸ்திரீட்டில் கிட்டங்கி எனப்படும் வட்டிக்கடைகளில் அமர்ந்து கணக்கு எழுதிய நகரத்தார் பெருமக்களும், நாகப்பட்டினத்தில் ரஜூலா கப்பலேறி இங்கு வந்து இறங்கிய நம் குடும்பத்துப் பெரியவர்களும் அந்த வழியில் வந்தவர்களே.

இன்றைய நிலைக்கு வருகிறேன். இந்தியப் பெருங்கடல் விளிம்பு நாடுகளின் சங்கம் 1997 மார்ச்சில் மொரீஷியஸில் தொடங்கப்பட்டது. அதற்கு வித்திட்ட ஏழு நாடுகளில் நம் சிங்கப்பூரும் ஒன்று என்பதை இளையர்கள் தெரிந்துகொள்ள வேண்டும். இன்று ஆஸ்திரேலியாவிலிருந்து தென்னாப்பிரிக்கா வரை 23 நாடுகள் அதில் உறுப்பினர்களாக இருக்கின்றன. ஆயினும் எல்லாரும் ஒத்துக்கொண்டால்தான் எந்த முடிவும் எடுக்கப்படும். சர்ச்சைக்குரிய பேச்சுகளுக்கு அங்கே இடமில்லை. ஆகவே உறுப்பு நாடுகள் அனைத்தையும் கட்டுப்படுத்தும் வரிச்சலுகை ஒப்பந்தம் ஒன்றை அந்தச் சங்கத்தால் உருவாக்க முடியவில்லை. அதற்குப் பதிலாக நாடுகள் இரண்டிரண்டாகக் கைகோத்தன: 2005இல் சிங்கப்பூரும் இந்தியாவும், 2018இல் சிங்கப்பூரும் இலங்கையும். தேர் வடத்தை ஆளுக்கொரு பக்கம் பிடித்திருக்கிறோம்; ஒரே நேரத்தில் இழுக்கவில்லை.

துறைமுகத்தைப் பற்றி நான் சொல்ல வேண்டியது குறைவு, அதன் பெருமையை நீங்கள் நாள்தோறும் காண்கிறீர்கள். 2024இல் நம் துறைமுகம் கையாண்ட கொள்கலன்கள், இருபதடிக் கொள்கலன் கணக்கில், நான்கு கோடியைத் தாண்டின. அதே ஆண்டு, செங்கடலில் கப்பல்கள் தாக்கப்பட்டதால் அவை ஆப்பிரிக்காவைச் சுற்றி வர நேர்ந்து, அட்டவணை குலைந்து, ஒரே சமயத்தில் இங்கு வந்து குவிந்தன. கெப்பல் முனையத்தில் பயன்பாட்டில் இல்லாதிருந்த இடங்களைக்கூட மீண்டும் திறக்கவேண்டியதாயிற்று. எங்கோ ஒரு நீரிணையில் ஏற்படும் தொல்லை தேக்காவில் பருப்பு விலையில் தெரியும் என்பதற்கு இதைவிட வேறு சான்று வேண்டியதில்லை.

இப்போது நான் உங்களிடம் மனம்விட்டுச் சொல்ல வந்ததற்கு வருகிறேன். லிட்டில் இந்தியாவின் கெம்பல் லேனில் கடை வைத்திருக்கும் அண்ணன் ஒருவர், பெயர் வேண்டாம், சில ஆண்டுகளுக்கு முன் தீபாவளிக்காகத் தமிழ்நாட்டிலிருந்து அகல் விளக்குகள் வரவழைத்தார். விற்பவர் அவருக்குப் புதிய வியாபாரி என்பதால் பணத்தையும் பத்திரங்களையும் வங்கி வழியாக மாற்றிக்கொள்வதாக இரு தரப்பும் ஒப்புக்கொண்டார்கள். சென்னையில் கப்பல் ஏறிய சரக்கு ஒரு வாரத்தில் சிங்கப்பூர் வந்து சேர்ந்தது. அண்ணன் மகிழ்ச்சியோடு கப்பல் ஏஜண்டை அழைத்தார். “பிஎல் எங்கே?” என்று ஏஜண்ட் கேட்டார். பிஎல் என்பது பில் ஆஃப் லேடிங், அதாவது கப்பல் நிறுவனம் எழுதிக்கொடுக்கும் சரக்குப் பத்திரம். அதன் அசல் தாள் யார் கையில் இருக்கிறதோ அவருக்குத்தான் சரக்கு. அந்தத் தாள் இன்னும் அங்கே விற்பவரின் வங்கியில் இருந்தது. இடையில் ஆயுத பூசையும் விஜயதசமியும் வந்தன, வங்கி விடுமுறை. விடுமுறை முடிந்து தாள் இங்கு வந்தபோது, பத்திரத்தில் கடையின் பெயரில் ஓர் எழுத்து, விலைப்பட்டியலில் இருந்ததற்கு மாறாக இருப்பதை இங்குள்ள வங்கி கண்டுபிடித்தது. தாள் திரும்பவும் கடல் கடந்தது. “தம்பி, கப்பல் வந்துவிட்டது, காகிதம் வரவில்லை” என்று அண்ணன் கடை வாசலில் நின்று சொன்ன குரல் இன்னும் என் காதில் இருக்கிறது. துறைமுகத்தில் கட்டணமின்றிச் சரக்கை வைத்திருக்கும் இலவச நாட்கள் முடிந்தன. டெமரேஜ் எனப்படும் தாமதக் கட்டணம் ஏறத் தொடங்கியது. வங்கி உத்தரவாதம் கொடுத்துத் தாள் இல்லாமலே சரக்கை எடுக்கலாம் என்றால், சரக்கின் மதிப்புக்கு மேல் ஈடு வைக்கச் சொன்னார்கள். தீபாவளி வாரத்தில் சிறு கடைக்காரரிடம் அவ்வளவு பணம் ஏது? விளக்குகள் கடைக்கு வந்தது தீபாவளிக்கு மறுநாள். பெட்டியைப் பிரித்தோம். ஆடி மாதத்துத் தமிழ்ச் செய்தித்தாளில் ஒவ்வொன்றாகச் சுற்றியிருந்தார்கள். செம்மண் நிறத்தில், விளிம்பில் கைவிரல் அழுத்திய தடத்தோடு, ஒன்றுகூட உடையவில்லை. அடுத்து கார்த்திகை தீபம் வந்ததால் பாதியாவது விற்றது. மீதி கிடங்கில் கிடந்தது.

அசல் தாளை ஏற்றும் இடத்திலேயே ஒப்படைத்துவிட்டு, தாள் இல்லாமல் இங்கு சரக்கைப் பெற உதவும் சரண்டர் பிஎல் வாங்கினால் போதுமே என்று அனுபவசாலிகள் கேட்பீர்கள். நீண்ட காலப் பழக்கம் உள்ள பெரிய நிறுவனங்களுக்கு அது கிடைக்கும். முகம் தெரியாத சிறு கடைக்காரருக்குப் பணம் வருமுன் சரக்கை விட்டுக்கொடுக்க எந்த வியாபாரியும் துணியமாட்டார். அவரைக் குறை சொல்வதற்கில்லை. குறை அந்தத் தாளில் இருக்கிறது.

நம் நாட்டில் சுங்க அனுமதிக்கான காகிதம் 1989இல் ட்ரேட்நெட் என்னும் மின்னணு அனுமதி முறை வந்தபோதே போய்விட்டது. நாட்கணக்கில் ஆன வேலை நிமிடங்களில் முடிகிறது. 2023 முதல் பேநவ் என்னும் மின்னணுப் பணப்பரிமாற்ற வசதி வழியாக இந்தியாவிலுள்ள உறவினருக்கு இங்கிருந்தபடியே பணம் அனுப்புகிறோம். பணம் நொடியில் போகிறது, பத்திரம் மட்டும் விமானத்தில் உறையில் போகிறது. மின்வடிவப் பத்திரத்தைத் தாளுக்குச் சமமாக ஏற்பதற்கான மாதிரிச் சட்டத்தை ஐக்கிய நாடுகளின் வணிகச் சட்ட ஆணையம் 2017இலேயே வகுத்தது. சிங்கப்பூர் 2021இல் அதைத் தன் சட்டத்தில் சேர்த்தது. கப்பல் வணிக ஒப்பந்தங்கள் பலவற்றுக்கு அடிப்படையான ஆங்கிலச் சட்டமும் 2023இல் மாறிவிட்டது. இந்தியா 1856ஆம் ஆண்டின் பழைய சரக்குப் பத்திரச் சட்டத்தை 2025இல் மாற்றிப் புதுச் சட்டம் இயற்றியிருக்கிறது. ஆனால் ஒரு கரை மட்டும் ஏற்பதால் பயனில்லை. ஏற்றும் துறைமுகம், இறக்கும் துறைமுகம், இரண்டு வங்கிகள், கப்பல் நிறுவனம் ஆகிய அனைவரும் ஏற்றால்தான் அந்த மின்பத்திரம் செல்லும். ஊர் கூடித் தேர் இழுக்க வேண்டும் என்று நான் திரும்பத் திரும்பச் சொல்வது இதற்காகத்தான். 23 நாடுகளின் சங்கம் வரிகளைப் பற்றி ஒத்துப்போக முடியாவிட்டாலும் இதில் ஒத்துப்போக முடியும். இதனால் எந்த நாட்டுக் கருவூலத்துக்கும் ஒரு காசு இழப்பில்லை; எந்த அரசியல் சர்ச்சையும் இதில் இல்லை.

சட்டம் வந்தால் மட்டும் போதாது. பெரிய நிறுவனங்களுக்கு ஆள் இருக்கிறார்கள். அவர்கள் நாளைக்கே மாறிக்கொள்வார்கள். மின்பத்திரத்தை எப்படிப் பெறுவது, எப்படிக் கைமாற்றுவது, வங்கியிடம் எப்படிக் கேட்பது என்பதை, பகலெல்லாம் கடையில் நிற்கும் நம் வணிகர்களுக்குத் தமிழில், இரவு நேரத்தில், பொறுமையாகச் சொல்லித்தரும் உதவி மேசை ஒன்று லிட்டில் இந்தியாவில் வேண்டும். பாக்குமட்டைத் தட்டு இறக்குபவருக்கும், இலங்கையிலிருந்து இலவங்கப்பட்டை வாங்குபவருக்கும் அதில் பயன் உண்டு. இதைத்தான் நான் ஒவ்வொரு கூட்டத்திலும் கேட்டுவருகிறேன். கிடைக்கும் வரை கேட்பேன்.

மீன்வளம் பற்றிச் சொல்ல வந்ததற்கு நேரமில்லை. தலைவர் மணியைத் தொட்டுவிட்டார். சிறப்பு விருந்தினர் அவர்கள் இந்தக் கோரிக்கையை உரியவர்களிடம் கொண்டுசெல்ல வேண்டும் என்று உங்கள் சார்பில் பணிவோடு கேட்டுக்கொள்கிறேன். கோரிக்கை மனு வாசலருகே மேசையில் இருக்கிறது. இறக்குமதி செய்யும் கடைக்காரர்கள் பெயரோடு, எந்த நாட்டிலிருந்து என்ன சரக்கு வாங்குகிறீர்கள், பத்திரம் தாமதமானதால் கடந்த ஆண்டு எவ்வளவு டெமரேஜ் கட்டினீர்கள் என்பதையும் எழுதிக் கையெழுத்திடுங்கள். ரசீது வைத்திருப்பவர்கள் அதன் நகலை வெள்ளிக்கிழமைக்குள் மன்ற அலுவலகத்தில் சேர்த்துவிடுங்கள். வணக்கம்.