அமிர்தகழியிலிருந்து புறப்பட்ட ஒளி

அவையோர்க்கு வணக்கம்.

மட்டக்களப்பு அமிர்தகழியில் 1939ஆம் ஆண்டு பிறந்த பாலு மகேந்திராவை இயக்குநராக நினைவுகூர்வதே நம்மிடையே வழக்கமாகிவிட்டது. ஆனால் அவருடைய கலையின் வேர் ஒளிப்பதிவில் இருக்கிறது என்பதே என் கருத்து. ஆகவே இன்று அதைப்பற்றியே பேச விரும்புகிறேன்.

புனே திரைப்படக் கல்லூரியில் ஒளிப்பதிவு கற்றுத் தங்கப் பதக்கத்துடன் வெளியேறிய அவர், ராமு காரியாட்டின் 'நெல்லு' என்னும் மலையாளப் படத்தின் வழியாக, தமக்குத் தாய்மொழியல்லாத ஒரு மொழியிலேயே தொழிலைத் தொடங்கினார். அதன் பின்னர் கன்னடத்தில் 'கோகிலா', தமிழில் 'முள்ளும் மலரும்', தெலுங்கில் 'சங்கராபரணம்', இந்தியில் 'சத்மா' எனப் பல மொழிகளில் பணியாற்றினார். மணிரத்னத்தின் முதற் படத்திற்கும் ஒளிப்பதிவாளர் அவரே. கறுப்பு வெள்ளையில் எடுத்த 'கோகிலா'வுக்கும் வண்ணத்தில் எடுத்த 'மூன்றாம் பிறை'க்கும் ஒளிப்பதிவுக்கான தேசிய விருது பெற்றார் என்பது, இரு வேறு இலக்கணங்களிலும் அவருக்கிருந்த தேர்ச்சியைக் காட்டுகிறது.

இடத்தில் இயல்பாகக் கிடைக்கும் வெளிச்சத்தைக்கொண்டே காட்சியை அமைப்பது அவருடைய முறை. இன்று கைப்பேசியில் இரவையும் படமெடுக்கும் நம் இளைஞர்களுக்கு இது எளிதாகத் தோன்றக்கூடும். எழுபதுகளின் வண்ணப் படச்சுருளோ 100 ஏ.எஸ்.ஏ. அளவிலான ஒளியுணர்திறனையே கொண்டிருந்தது. விளக்குகளைக் குறைத்தால் வில்லையின் துவாரத்தை அகலத் திறக்க வேண்டும். திறந்தால் தெளிவாகத் தெரியும் ஆழம் சுருங்கிவிடும். நடிகர் ஓரடி நகர்ந்தாலும் முகம் மங்கிவிடக்கூடும். இத்தனை இடரையும் அவர் ஏற்றதற்குக் காரணம், சன்னலோரத்தில் இருப்பவரின் முகத்தில் ஒருபக்கம் நிழல் விழுவதே உண்மை என்று அவர் நம்பியதுதான். எல்லா முகங்களையும் ஒரே அளவில் பளிச்சிடச் செய்த அக்காலத்துப் படப்பிடிப்புத் தளங்களின் பழக்கத்திற்கு இது நேர்மாறானது.

'வீடு' படத்தில், கட்டி முடியாத வீட்டுக்குள் சொக்கலிங்க பாகவதர் தனியே நடந்து சுவர்களைத் தடவிப் பார்க்கும் காட்சியை நான் பலமுறை பார்த்திருக்கிறேன். அங்கே வசனம் இல்லை. முதியவரின் மகிழ்ச்சியை நமக்குச் சொல்வன அவருடைய நடிப்பும், இளையராஜாவின் இசையும், அந்தச் சுவர்களின் மீது படரும் வெளிச்சமுமே. அப்படத்தை எழுதி, இயக்கி, ஒளிப்பதிவு செய்து, தொகுத்தவரும் ஒருவரே என்பதால், எந்த ஒளியை எவ்வளவு நேரம் நிறுத்துவது என்பதில் அவருக்குத் தடுமாற்றமே இருக்கவில்லை.

தொலைக்காட்சியை அவர் தாழ்வாக எண்ணவில்லை. சன் தொலைக்காட்சிக்காக 'கதை நேரம்' என்ற தலைப்பில் தமிழ்ச் சிறுகதைகளைக் குறும்படங்களாக்கியபோது, சிறிய திரைக்கேற்ப முகங்களை நெருங்கிச் சென்றாரே தவிர, நிதானத்தை விட்டுக்கொடுக்கவில்லை. சின்னத்திரைக்கு அவசர வேலை போதுமென்று கருதும் நம் தயாரிப்பாளர்கள் அவற்றைத் தேடிப் பார்க்க வேண்டும்.

2013இல் வெளிவந்த 'தலைமுறைகள்' அவருடைய கடைசிப் படம். படச்சுருளில் வாழ்நாளெல்லாம் உழைத்தவர், எழுபது வயதைக் கடந்த பின்னரும் டிஜிட்டல் கமெராவைக் கையிலெடுத்து, தாமே முதன்மைப் பாத்திரத்திலும் நடித்தார். அடுத்த ஆண்டு பெப்ரவரியில் சென்னையில் காலமானார். இங்கே வந்திருக்கும் ஒளிப்பதிவு மாணவர்கள், 'கோகிலா'வையும் 'தலைமுறைகள்' படத்தையும் அடுத்தடுத்துப் பார்த்து, ஒளி விழும் திசையைக் காட்சிக்குக் காட்சி குறித்துவர வேண்டுமென்று கேட்டுக்கொள்கிறேன். அடுத்த அமர்வில் அந்தக் குறிப்புகளைக்கொண்டே பேசுவோம்.