முதலில் பார்த்தவர் யார்?

வணக்கம். வானொலியில் வானத்தைப் பற்றிப் பேசுவதில் ஒரு வசதி உண்டு. படம் காட்ட முடியவில்லையே என்று வருத்தப்பட வேண்டாம். இது தை மாதம், இரவு சாப்பாடு முடிந்து மொட்டை மாடிக்குப் போனால் எல்லாமே தலைக்கு மேல் இருக்கும்.

கார்த்திகை நட்சத்திரம் உங்களுக்குத் தெரிந்ததுதான். சின்ன வயதில் பாட்டி என்னைக் களத்துமேட்டில் நிறுத்தி, "எத்தனை தெரியுது, எண்ணு" என்பார். ஆறு என்றால் கண் சரி. ஐந்து என்றால் மறுநாள் பொன்னாங்கண்ணிக் கீரை. சங்கப் பாடல்களிலேயே இதற்கு அறுமீன் என்று பெயர். முருகனுக்குப் பால் கொடுத்த தாய்மாரும் ஆறு பேர். ஆக, நம் ஆட்களின் எண்ணிக்கை அன்று முதல் இன்று வரை மாறவில்லை.

1610-ல் கலிலியோ ஒரு தொலைநோக்கியை அதன் பக்கம் திருப்பினார். 36 நட்சத்திரங்களைக் குறித்து வரைந்தார். வெறுங்கண்ணுக்குத் தெரிகிறவற்றைப் பெரிதாகவும், புதிதாகத் தெரிந்தவற்றைச் சின்னதாகவும் போட்டார். அப்புறம் கடக ராசிக்குப் போனார். பூச நட்சத்திரத்தை ஒட்டி ஒரு மங்கலான திட்டு இருக்கிறது. அதைப் பழங்காலத்திலேயே மேகம்போல என்று எழுதி வைத்திருந்தார்கள். கலிலியோ பார்த்தபோது அது திட்டு இல்லை. நாற்பதுக்கும் மேற்பட்ட குட்டி நட்சத்திரங்கள்!

இவற்றைத்தான் நட்சத்திரக் கொத்து என்கிறோம். ஒரே வாயு மேகத்தில் ஒன்றாகப் பிறந்த பிள்ளைகள். கார்த்திகைக் கொத்துக்கு வயது சுமார் பத்துக் கோடி ஆண்டு. டைனோசர் காலத்துப் பிறப்பு; ஆனால் நட்சத்திரக் கணக்கில் அது கைக்குழந்தை. நம் சூரியனுக்கு வயது 460 கோடி ஆண்டுக்குப் பக்கம்.

சரி, இன்று நான் சொல்ல வந்தது கொத்துகளைப் பற்றி மட்டும் அல்ல. அவற்றை முதலில் பார்த்தவர் யார் என்பதைப் பற்றி. இது எனக்குப் பல வருடமாக இருக்கிற ஒரு நமைச்சல். ஏனென்றால் இந்தக் கொத்துகளில் பலவற்றை எம்-36, எம்-38 என்று எண் போட்டுத்தான் சொல்வார்கள். அந்த எம் என்பது சார்ல் மெஸ்ஸியே என்ற பிரெஞ்சுக்காரர். அவருக்குக் கொத்துகள் மேல் பெரிய ஆசை ஒன்றும் கிடையாது. அவர் தேடியது வால்நட்சத்திரம். வால்நட்சத்திரம் என்று நினைத்து ஏமாந்துபோகக் கூடாதே என்று மங்கலான பொருள்களை எல்லாம் பட்டியல் போட்டார். முதல் பட்டியலில் 45 பொருள்கள். அதில் 45-வது, நம் கார்த்திகை! அதைப் பார்த்து யார் ஏமாறப் போகிறார்கள், சொல்லுங்கள்.

அந்த 36-ஐயும் 38-ஐயும் எடுத்துக்கொள்ளுங்கள். மிருகசீரிடத்துக்கு வடக்கே, கப்பெல்லா என்ற பளிச்சென்ற நட்சத்திரம் இருக்கிற தேரோட்டி மண்டலத்தில் இருப்பவை. இவற்றை 1749-ல் பார்த்தவர் கியோம் லெ ஜான்தி. அப்போது அவருக்கு இருபத்துமூன்று, இருபத்துநாலு வயது. அவர்தான் முதலில் பார்த்தார் என்று வெகுகாலம் எழுதி வந்தார்கள்.

இந்த லெ ஜான்தி நம் பாண்டிச்சேரிக்கு வந்தவர். அதனால் அவர்மேல் எனக்குக் கொஞ்சம் பாசம் அதிகம், பொறுத்துக்கொள்ளுங்கள்.

அவர் வந்தது கொத்துக்காக இல்லை. வெள்ளிக் கோள் சூரியனின் முகத்தைக் கடந்து போவதைப் பார்க்க. 1761-ல் ஒரு தடவை, 1769-ல் ஒரு தடவை. அதை விட்டால் 1874-ல்தான். பூமியின் பல இடங்களிலிருந்து அதை அளந்தால் சூரியன் எவ்வளவு தூரத்தில் இருக்கிறது என்று கணக்குப் போடலாம். 1760-ல் பிரான்சிலிருந்து புறப்பட்டார். மாஹே அருகே வந்தபோதுதான் பாண்டிச்சேரி ஆங்கிலேயர் கைக்குப் போய்விட்டது தெரிந்தது. கப்பல் திரும்பியது. 1761 ஜூன் 6 அன்று வானம் தெளிவு. அவரோ நடுக்கடலில். வெள்ளி கடப்பதைப் பார்த்தார்தான். ஆனால் ஆடுகிற கப்பலில் நின்று எதை அளப்பது?

நீங்களாக இருந்தால் ஊருக்குத் திரும்பியிருப்பீர்கள். அவர் எட்டு வருடம் இந்தப் பக்கமே இருந்துவிட்டார். மடகாஸ்கர் பக்கம் சுற்றினார், மணிலாவுக்குப் போனார். மணிலாவில் இருந்த ஸ்பானிய ஆளுநர் அவரைச் சந்தேகப்பட, 1768-ல் பாண்டிச்சேரி வந்து சேர்ந்தார். ஊர் மறுபடி பிரெஞ்சுக்காரரிடம் வந்திருந்தது. போரில் இடிந்த கட்டடத்தின் மேல் அவருக்கு ஓர் ஆய்வுக்கூடம் எழுப்பிக் கொடுத்தார்கள். இங்கே ஒரு தமிழரிடம் கிரகணம் கணிக்கக் கற்றுக்கொண்டார். அந்தக் கணக்கு, எழுத்தில் இல்லை. சோழிகளை வைத்துப் போடுகிற கணக்கு.

வந்தது 1769 ஜூன் 4. விடியற்காலையில் மேகம். வெள்ளி கடந்து முடிந்தது. அதற்கப்புறம் வெயில் பளிச்சென்று அடித்தது, நாள் முழுக்க. அவர் விட்டு வந்த மணிலாவிலோ அன்று காலை வானம் சுத்தமாக இருந்ததாம். 1771-ல் பாரிஸ் போய்ச் சேர்ந்தால், ஆள் இறந்துவிட்டார் என்று சொந்தக்காரர்கள் சொத்தைப் பங்கு போட்டுக்கொண்டிருந்தார்கள்.

இந்தக் கதையை ஆங்கிலத்தில் விரிவாக எழுதியவர் ஹெலன் சாயர் ஹாக் என்ற கனடா வானியலாளர். அவருடைய சொந்த வேலையும் கொத்துகளில்தான். லட்சக்கணக்கான நட்சத்திரங்கள் லட்டு பிடித்ததுபோல ஒட்டிக் கிடக்கும் உருண்டைக் கொத்துகள் என்று ஒரு வகை உண்டு. அவற்றுக்குள் ஒளி கூடிக் குறைகிற நட்சத்திரங்களைப் பட்டியல் போட்டவர் அவர்.

எல்லோரும் அந்த ஜூன் மாதத்து மேகத்தோடு கதையை முடித்துவிடுகிறார்கள். எனக்கு நினைவுக்கு வருவது அதற்கு முந்தைய தை மாதம். பாண்டிச்சேரியில் ஜனவரி, பிப்ரவரி இரவுகள் அவ்வளவு அழகு என்று அவரே எழுதியிருக்கிறார். அந்த இரவுகளில் வடக்குப் பக்கம் நல்ல உயரத்தில், பாரிஸில் இருபது வருடத்துக்கு முன் அவர் கண்டுபிடித்த அந்த இரண்டு கொத்துகளும் நின்றிருக்கும். இன்றைக்கும் நிற்கும். ஒன்பது மணிக்குப் போய்ப் பாருங்கள்.

இதில் இன்னொன்று. லெ ஜான்தியும் முதல் ஆள் இல்லை! சிசிலித் தீவில் ஹோடியர்னா என்று ஒரு பாதிரியார். இருபது மடங்கு பெரிதாகக் காட்டும் சாதாரணத் தொலைநோக்கிதான் அவரிடம். 1654-ல் ஒரு சிறு நூல் அச்சிட்டார். அந்த இரண்டு கொத்துகளும் அதில் உண்டு. பக்கத்தில் இருக்கும் 37-வதும் உண்டு. அதை மெஸ்ஸியே 1764-ல் தானாகக் கண்டுபிடித்ததாக நினைத்தார். சிசிலிப் பாதிரியாரின் நூலை யாரும் திறக்கவில்லை. 1980-களில்தான் ஆய்வாளர்கள் தூசி தட்டி எடுத்தார்கள். முந்நூற்றுச் சொச்சம் வருடம்! நமைச்சல் என்றேனே, அது இதுதான்.

கண்ணாடிக்கு அந்தப் பக்கம் கை காட்டுகிறார்கள். இரண்டு பேர் பாக்கி, வேகமாகச் சொல்லிவிடுகிறேன்.

ஜான் மிச்செல், இங்கிலாந்து. 1767-ல் ஒரு கணக்குப் போட்டார். முறத்தில் அரிசியைச் சிதறினால் ஆறு மணி ஒரே இடத்தில் விழுமா? விழலாம், ஆனால் அபூர்வம். கார்த்திகை நட்சத்திரங்கள் தற்செயலாக அப்படி நெருங்கித் தெரிய ஐந்து லட்சத்தில் ஒரு வாய்ப்புதான் என்றார். ஆக, அவை உண்மையிலேயே கூட்டம். தொலைநோக்கியே தேவைப்படவில்லை அவருக்கு.

அடுத்து, கரோலின் ஹெர்ஷல். அண்ணன் வில்லியமிடம் பாட்டுப் பாட வந்தவர், வானம் பார்க்கத் தொடங்கினார். பின்னாளில் இங்கிலாந்து அரசர் அவருக்கு ஆண்டுக்கு 50 பவுண்டு சம்பளம் கொடுத்தார். 1783 பிப்ரவரி 26 அன்று ஒரு கொத்தைக் கண்டார், அதற்கு முன் யார் பட்டியலிலும் இல்லாதது. இருட்டான இடமும் ஒரு பைனாகுலரும் இருந்தால் போதும்: சிரியஸ் நட்சத்திரத்தைப் பிடியுங்கள், கையை நீட்டி முஷ்டி மடக்கி, அந்த முஷ்டி அகலத்துக்குக் கொஞ்சம் குறைவாகக் கிழக்கே தள்ளுங்கள். ஊதுபத்திப் புகைபோல ஒரு திட்டு தெரியும். அதுதான். நேரமாகிவிட்டது, வணக்கம்.