ஒரு ஊர், இரண்டு மீன்

அன்பான நேயர்களுக்கு வணக்கம்.

கொல்கத்தாவில் ஈஸ்ட் பெங்கால், மோகன் பகான் என்று இரண்டு கால்பந்து கிளப்புகள். ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் இரண்டுக்கும் பெரிய ஆட்டம் நடந்தால், யார் ஜெயித்தார்கள் என்று தெரிந்துகொள்ள மறுநாள் பேப்பர் வாங்க வேண்டியதில்லை. மீன் சந்தைக்குப் போனால் போதும். ஈஸ்ட் பெங்கால் ஜெயித்திருந்தால் இலிஷ் விலை ஏறியிருக்கும். நம் பக்கம் உல்லம் என்பார்களே, அந்த மீன். மோகன் பகான் ஜெயித்திருந்தால் இறால் விலை ஏறியிருக்கும். இறாலையும் அந்த ஊரில் மீன் என்றுதான் சொல்வார்கள், சிங்ரி மாச்.

1995இல் வேலை கிடைத்து அந்த ஊருக்குப் போனேன். எட்டு வருடம் இருந்தேன். லேக் மார்க்கெட் பக்கம் அறை. அங்கே தமிழ்க் குடும்பங்கள் நிறைய. காபித்தூள், வாழையிலை, மல்லிகைப்பூ எதற்கும் குறையில்லை. அலுவலகத்தில் என் மேசைக்கு எதிரே ஒரு தாதா, பக்கத்தில் இன்னொரு தாதா. வயதில் பெரியவர்களை அங்கே அப்படித்தான் கூப்பிட வேண்டும். இருவரும் ஒரே டிபன் கேரியரில் பங்கு போட்டுச் சாப்பிடுவார்கள். ஒருவர் வீட்டுக் கல்யாணத்துக்கு இன்னொருவர் பந்தலுக்கு முன்பணம் கொடுப்பார். ஆனால் ஆட்டத்துக்கு ஒரு வாரம் முன்பிருந்தே இருவரும் பேசிக்கொள்ள மாட்டார்கள். கோப்பு கொடுக்க வேண்டுமென்றால்கூட என் வழியாகத்தான் போகும்.

எதிர்மேசைக்காரர் பாங்கால். பக்கத்து மேசைக்காரர் கோட்டி. இந்த இரண்டு சொல்லும் தெரியாமல் அந்த ஆட்டம் புரியாது. கோட்டி என்றால் சொம்பு என்று பொருள். மேற்கு வங்காளத்தில் தலைமுறை தலைமுறையாக இருப்பவர்களுக்கு அந்தப் பெயர் எப்படியோ ஒட்டிக்கொண்டது. பாங்கால் என்றால் பத்மா நதிக்கு அப்பால், கிழக்கிலிருந்து வந்தவர். பேச்சின் ராகம் வேறு, சமையலில் காரமும் சர்க்கரையும் வேறு, ஆதரிக்கும் அணியும் வேறு.

மோகன் பகான் 1889 ஆகஸ்ட் 15இல் தொடங்கிய கிளப். 1911 ஜூலை 29இல் ஐ.எஃப்.ஏ. ஷீல்டு என்ற கால்பந்துப் போட்டியின் இறுதி ஆட்டத்தில் ஈஸ்ட் யார்க்‌ஷயர் ரெஜிமென்ட் என்ற வெள்ளைக்காரப் பட்டாளத்து அணியை 2–1 என்று ஜெயித்தது. பதினோரு பேரில் பூட்ஸ் போட்டிருந்தவர் ஒரே ஒருவர். மற்ற பத்துப் பேரும் வெறுங்கால். கேப்டன் சிவதாஸ் பாதுரி ஒரு கோல், அபிலாஷ் கோஷ் ஒரு கோல். அந்தப் பதினோரு பேருக்கு அங்கே அமர பதினொருவர் என்று பெயர்.

ஒன்பது வருடம் கழித்து, 1920 ஜூலை 28இல், கூச்பிகார் கோப்பையில் ஜோராபகான் அணியும் மோகன் பகானும் மோதின. சைலேஷ் போஸ் என்ற கிழக்கு வங்காளத்து ஆட்டக்காரரை ஜோராபகான் களத்தில் இறக்கவில்லை. காரணமும் சொல்லவில்லை. கிளப்பின் துணைத் தலைவர் சுரேஷ் சந்திர சௌத்ரிக்குப் பொறுக்கவில்லை, அவரும் கிழக்குக்காரர். வெளியே வந்து, நண்பர்களைச் சேர்த்துக்கொண்டு நான்கே நாளில், ஆகஸ்ட் 1இல், புது கிளப்பைத் தொடங்கிவிட்டார். பெயரையே ஊர்ப் பெயராக வைத்தார், ஈஸ்ட் பெங்கால். ஓர் ஆளைப் பெஞ்சில் உட்காரவைத்ததற்கு விழுந்த பதில் நூறு வருடம் தாண்டியும் நின்றுகொண்டிருக்கிறது. இரண்டு அணிகளும் லீக்கில் முதலில் மோதியது 1925 மே 28. ஈஸ்ட் பெங்கால் 1–0.

அதுவரைக்கும் இது ஒரு பந்தயம், அவ்வளவுதான். பந்தயத்துக்கு மேல் என்னவோ ஆனது 1947க்குப் பிறகு. நாடு பிரிந்தது, டாக்காவும் பரிசாலும் ஃபரீத்பூரும் வேறு தேசமாயின. சியால்தா ஸ்டேஷன் பிளாட்பாரத்தில் குடும்பம் குடும்பமாக வந்து விழுந்தார்கள். ஜாதவ்பூர் பக்கம் கிடைத்த இடத்தில் மூங்கிலும் தகரமும் வைத்து காலனி போட்டார்கள். எதிர்மேசை தாதாவின் அப்பா 1948இல் ஒரு டிரங்குப் பெட்டியோடு வந்தவர். அந்தப் பெட்டியை அவர் வீட்டில் பார்த்திருக்கிறேன். மூடியின் உள்பக்கம், துரு ஏறாத இடத்தில், ஈஸ்ட் பெங்கால் அணியின் பழைய பத்திரிகைப் படம் ஒன்றைச் சோற்றுப்பசை வைத்து ஒட்டியிருந்தார்கள். சாமி படம் சுவரில், இது பெட்டிக்குள். "அப்பாவுக்கு ரேஷன் கார்டு கிடைக்க ஆறு வருஷமாச்சு. மைதானத்தில் மட்டும் முதல் நாளே இடம் கிடைச்சுது" என்றார் தாதா.

என்னைப் பொறுத்தவரை அந்தப் பகையின் வேர் இதுதான். வேர் அறுந்து வந்தவனுக்கு அந்த ஊரில் முதலில் கிடைத்த முகவரி ஒரு கால்பந்து கிளப். இருந்தவனுக்கோ, வெள்ளைக்காரனை வெறுங்காலோடு வென்ற கிளப் தன் வீட்டுச் சொத்து. நேற்று வந்தவன் அதன் முன்னால் மார்தட்டினால் சும்மா இருப்பானா? இரண்டு பக்கத்து நியாயமும் எனக்குப் புரிகிறது. இதை வெறும் வெறி என்று ஒதுக்கிவிடுகிறவர்களோடு எனக்கு உடன்பாடு இல்லை.

கோடு அவ்வளவு நேராகவும் இல்லை. மோகன் பகானின் பெருந்தூண், எதிரணிகள் சீனச் சுவர் என்று சொல்லி நடுங்கிய தடுப்பாட்டக்காரர் கோஷ்ட பால், பிறந்தது ஃபரீத்பூரில். அசல் பாங்கால்! ஈஸ்ட் பெங்காலின் பொற்காலத்தைப் படைத்த முன்வரிசை ஐந்து பேருக்கு அங்கே பஞ்ச பாண்டவர் என்றே பெயர். வெங்கடேஷ், அப்பாராவ், தன்ராஜ், அகமது கான், சாலே. ஐவரும் தென்னிந்தியர். அகதிக் காலனிப் பிள்ளைகள் பேர் சொல்லிக் கத்தி உயிரை விட்டது கேரளத்து, ஆந்திரத்து, பெங்களூர்ப் பையன்களுக்காக.

சரி, ஆட்டத்துக்கு வருவோம்.

1975 செப்டம்பர் 30, ஷீல்டு இறுதி ஆட்டம். ஈஸ்ட் பெங்கால் 5, மோகன் பகான் 0. ஷ்யாம் தாப்பா மட்டும் இரண்டு கோல். அன்றிரவு தோற்ற அணியின் ஆட்டக்காரர்கள் சிலர் ரசிகர்களுக்கு அஞ்சிக் கங்கையில் படகிலேயே ராத்தங்கினார்கள் என்று சொல்வார்கள். ஓர் இளைஞர் தோல்வி தாங்காமல் உயிரை விட்டார். அடுத்த பிறவியில் ஆட்டக்காரனாகப் பிறந்து இதற்குப் பழி தீர்ப்பேன் என்று எழுதி வைத்துவிட்டுப் போனார். பக்கத்து மேசை தாதா இதைச் சொல்லும்போது குரல் இறங்கிவிடும். அவர்கள் பக்கத்துக்குக் கொஞ்சம் ஆறுதல் கிடைக்க 34 வருடம் ஆனது. 2009 அக்டோபர் 25இல் மோகன் பகான் 5–3 என்று ஜெயித்தது. எடே சிடி ஒருவரே நான்கு கோல் போட்டார்.

1980 ஆகஸ்ட் 16ஐ நினைத்தால் இன்றும் மனசு கனக்கிறது. ஈடன் கார்டன்ஸில் ஆட்டம். களத்தில் இரண்டு ஆட்டக்காரர்களுக்குள் மோதல், அது கேலரிக்கு ஏறியது. இரு பக்கத்து ரசிகர்களும் கலந்து உட்கார்ந்திருந்தார்கள். கல் பறந்தது, ஓட வழியில்லை, நெரிசல். பதினாறு பேர் செத்தார்கள். ஆட்டம் பார்க்கப் போன பிள்ளை வீடு திரும்பவில்லை. பதினாறு வீடுகள். வருடந்தோறும் அந்தத் தேதியில் கொல்கத்தாவில் கால்பந்து ரசிகர் தினம் என்று ரத்த தானம் செய்கிறார்கள். அந்த வரிசையில் ஈஸ்ட் பெங்காலின் சிவப்பு-மஞ்சள் சட்டையும் மோகன் பகானின் பச்சை-மெரூன் சட்டையும் அடுத்தடுத்து நிற்பதை நான் கண்ணால் பார்த்திருக்கிறேன். ஊசி குத்திய கையை மடக்கிக்கொண்டு இருவரும் ஒரே பெஞ்சில் உட்கார்ந்து பிஸ்கட் சாப்பிடுவார்கள்.

நான் நேரில் பார்த்த ஆட்டம் 1997 ஜூலை 13. ஞாயிற்றுக்கிழமை. ஃபெடரேஷன் கோப்பை அரையிறுதி, சால்ட் லேக் ஸ்டேடியம். கூட்டம் 1 லட்சத்து 31 ஆயிரத்துக்கும் மேல். மோகன் பகானின் பயிற்சியாளர் அமல் தத்தா. வைர வடிவத்தில் ஆட்களை நிறுத்தும் புது வியூகத்தோடு கோல்களைக் குவித்து வந்திருந்தார். எதிரே பி.கே. பானர்ஜி. பெரிய ஆட்டக்காரராக இருந்தும் இந்த இரண்டு கிளப்புக்கும் ஆடாதவர், ஆனால் இரண்டுக்கும் பயிற்சி கொடுத்தவர். ஆட்டத்துக்கு முன் உடைமாற்றும் அறையில் பேசியே ஆட்களுக்கு உயிர் ஏற்றிவிடுவார். வோக்கல் டானிக் என்று அதற்குப் பெயரே உண்டு. அமல் தத்தா அந்த வாரம் ஈஸ்ட் பெங்கால் ஆட்டக்காரர்களை வாய்க்கு வந்த பட்டப்பெயரில் கேலி பண்ணினார். ஓமோலோவை ஆம்லெட் என்றார், பாய்ச்சுங் பூட்டியாவைச் சுங் சுங் என்றார்.

எதிர்மேசை தாதா எனக்கு டிக்கெட் வாங்கியிருந்தார். பகல் பன்னிரண்டுக்கே போய்விட்டோம். கான்கிரீட் படிதான் இருக்கை; உட்கார இடமில்லை, நின்றோம். முன்னால் நின்றவரின் வேர்வை என் சட்டையில். நசிமுல் ஹக் முதல் கோலைப் போட்டதும் எங்களைச் சுற்றி ஆயிரக்கணக்கில் செய்தித்தாள்கள் சுருண்டன, தீக்குச்சி உரசியது. பேப்பர்ப் பந்தம்தான் ஈஸ்ட் பெங்கால்காரர்களின் அடையாளம், அவர்கள் சின்னத்திலும் பந்தம்தான். சாம்பல் எங்கள் தலையில் கறுப்பு மழையாக விழுந்தது. மோகன் பகானுக்குச் சீமா ஒரு கோல் திருப்பினார். அந்தப் பக்கத்துக் கேலரியிலிருந்து எழுந்த சத்தம் காதில் விழவில்லை, நெஞ்சில் இடித்தது. அப்புறம் அந்தச் சின்ன உருவம், சிக்கிம் பையன் பாய்ச்சுங். ஒன்று, இரண்டு, மூன்று. 4–1.

மூன்றாவது கோலுக்கு தாதா கத்துவார் என்று திரும்பிப் பார்த்தேன். அவர் படியில் உட்கார்ந்து, முழங்காலில் முகத்தை வைத்து அழுதுகொண்டிருந்தார். "அப்பா பார்க்கலையே" என்றார். அவ்வளவுதான்.

மறுநாள் பக்கத்து மேசை தாதா லீவு.

பிறகு என்னென்னவோ ஆயிற்று. 2020இல் மோகன் பகான் ஏ.டி.கே. என்ற கம்பெனி அணியோடு சேர்க்கப்பட்டது. நூற்று முப்பது வருடப் பெயருக்கு முன்னால் வேறு மூன்றெழுத்தா என்று ரசிகர்கள் கொதித்தார்கள், அதை நீக்கு என்று விடாமல் கேட்டார்கள், 2023இல் நீங்கியது. ஈஸ்ட் பெங்காலும் முதலீட்டாளர் மாறி மாறித் தவித்தது. ஐ.எஸ்.எல். என்கிற இந்தியன் சூப்பர் லீக் தொடரில் இந்த இரண்டு அணிகளின் முதல் மோதல் 2020 நவம்பர் 27இல் கோவாவில், கொரோனா காலத்து வெறும் கேலரிகளுக்கு நடுவே நடந்தது. டிவியில் பார்த்தேன். பயிற்சியாளர் கத்துவதுகூடக் கேட்டது. இந்த ஆட்டத்தில் கேட்கவே கூடாத சத்தம் அது.

அதே 2020 ஜனவரியில், குடியுரிமைச் சட்டம் பற்றி நாடே பேசிக்கொண்டிருந்தபோது, ஈஸ்ட் பெங்கால் ரசிகர்கள் சால்ட் லேக்கில் ஒரு பெரிய பதாகையை விரித்தார்கள். ரத்தம் கொடுத்து வாங்கிய மண், காகிதம் கொடுத்து அல்ல என்று வங்காளியில் எழுதியிருந்தது. எனக்கு அந்த டிரங்குப் பெட்டிதான் ஞாபகம் வந்தது.

நம் சென்னைக்கும் இதில் ஒரு பங்கு உண்டு. நாலரை வருடமாக ஈஸ்ட் பெங்கால் இந்த ஆட்டத்தில் ஜெயிக்கவே இல்லை. 2023 ஆகஸ்ட் 12, டூரண்ட் கோப்பை. 60ஆவது நிமிடத்தில் ஒரு பந்தை வளைத்து வலைக்குள் அனுப்பி அந்த வறட்சியை முடித்தவர் சென்னைப் பையன் நந்தகுமார் சேகர். 1–0. எதிர்மேசை தாதா அன்று ராத்திரி பத்தரைக்குப் போன் செய்தார், ஓய்வு பெற்று எத்தனையோ வருடம் ஆனவர். "உன் ஊர்க்காரன், உன் ஊர்க்காரன்" என்பதைத் தவிர வேறு எதுவும் சொல்லவில்லை. மூன்றே வாரத்தில் அதே கோப்பையின் இறுதி ஆட்டம். மோகன் பகான் பத்துப் பேரோடு ஆடி, பெத்ராதோஸ் கோலில் ஜெயித்தது. அன்றைக்குப் போன் வரவில்லை.

கடைசியாக 2024 ஆகஸ்ட். ஆர்.ஜி. கர் மருத்துவமனையில் ஓர் இளம் மருத்துவருக்கு நடந்த கொடுமையை நேயர்கள் மறந்திருக்க மாட்டீர்கள். ஆகஸ்ட் 18இல் நடக்கவேண்டிய டூரண்ட் கோப்பை மோதலைப் பாதுகாப்புக் காரணம் சொல்லி ரத்து செய்தார்கள். ஆட்டம் இல்லை, ஆனாலும் ரசிகர்கள் வந்தார்கள். ஸ்டேடியத்துக்கு வெளியே ரோட்டில், இரண்டு கொடிகளும் ஒன்றாக. ஊரின் மூன்றாவது பெரிய கிளப்பான முகமதன் ஸ்போர்ட்டிங்கின் ஆட்களும் சேர்ந்துகொண்டார்கள். அந்தப் பெண்ணுக்கு நீதி கேட்டார்கள். போலீஸ் தடியடி நடத்தியது. மோகன் பகான் கேப்டன் சுபாசிஷ் போஸும் வந்து நின்றார். மோகன் பகான் சட்டைக்காரர் ஒருவரின் தோளில் ஈஸ்ட் பெங்கால் சட்டைக்காரர் ஏறி உட்கார்ந்து கத்தும் படத்தை நீங்களும் பார்த்திருப்பீர்கள்.

அன்று சாயங்காலம் பக்கத்து மேசை தாதா பேசினார். அவர் பேரனும் அந்த ரோட்டில்தான் இருந்தானாம். தடியடியில் ஓடும்போது அவன் செருப்பு அறுந்துவிட்டது. முன்பின் தெரியாத ஓர் ஈஸ்ட் பெங்கால் பையன் தன் செருப்பைக் கழற்றிக் கொடுத்திருக்கிறான். "அதை வீட்டுக்குள்ளே எடுத்து வெச்சிருக்கோம். வாசல்ல விட மனசு வரலை" என்றார்.

இரண்டு மாதம் கழித்து, அக்டோபர் 19இல், நிறைந்த ஸ்டேடியத்தில் ஆட்டம் நடந்தது. மோகன் பகான் 2–0. மறுநாள் காலை பக்கத்து மேசை தாதா ஒரு பை நிறையக் கொழுத்த இறால் வாங்கிக்கொண்டு, பஸ் ஏறி, எதிர்மேசை தாதாவின் வீட்டுக்கே போய்க் கொடுத்துவிட்டு வந்தார். அந்த வீட்டில் அதைத் தேங்காய்ப்பாலில் சமைத்தார்கள். எதிர்மேசை தாதா ஒரு துண்டுகூடத் தொடவில்லை. அடுத்த ஆட்டத்துக்கு இலிஷ் வேண்டுமென்று மீன்காரரிடம் அன்றைக்கே சொல்லி வைத்துவிட்டார்.

நன்றி, வணக்கம்.